கடுகு வெடிக்கும் சத்தம்

மார்ச் 2, ஞாயிறு

நாட்டுக்கோழி ஒன்றே முக்கால் கிலோ. காலை ஏழரைக்கு இருதயராஜ் கடையில் வாங்கினேன். மஞ்சள் தடவித் தீயில் வாட்டி, பதினெட்டுத் துண்டாகப் போட்டுக் கொடுத்தார். ஈரலைத் தனியாகக் கட்டிக் கொடுத்தார். நான் கேட்கவில்லை. அவருக்குத் தெரியும்.

ஒரு நாளிதழில் முப்பத்துநாலு வருடம் நிருபராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். எழுதினால்தான் எதையும் ஒழுங்காக நினைக்க வருகிறது. அதற்காக இந்த நோட்டு.

விவரம்: பிப்ரவரி 18, செவ்வாய், காலை 11.20. ஊருக்குக் கிழக்கே பதினோரு கிலோமீட்டரில் உள்ள பட்டாசு ஆலையில் வெடி விபத்து. ஆறு அறைகள் தரைமட்டம். பலி ஒன்பது. எட்டுப் பெண்கள், ஒரு ஆண். காயம் பதினொன்று. அடையாளம் காண முடியாத உடல் பாகங்கள் ஆஸ்பத்திரி பிணவறையில் உள்ளன. போர்மேன் தலைமறைவு.

போர்மேன் பெயர் திலகராஜ். வயது 31. என் மகன்.

‘போர்மேன் தலைமறைவு’ என்று நானே நாற்பது முறையாவது எழுதியிருப்பேன். எங்கள் பக்கம் ஆலை வெடித்தால் அறை இடிந்து விழுவதற்குள் போர்மேன் ஓடிவிடுவார். ஒரு அறையில் நாலு பேர் உட்கார வேண்டிய இடத்தில் ஏழு பேரை உட்கார வைத்த வழக்கு அவர் மேல்தான் வரும். மூன்று வருடம் முன்பு இப்படி ஓடிய ஒருவர் கேரளாவில் நாற்பது நாள் ஒளிந்திருந்து, ஜாமீன் கிடைத்ததும் திரும்பி வந்தார். அந்தச் செய்தியும் நான் எழுதியதுதான். என் மனைவி ராஜகனி அதை வெட்டி எடுத்து சாமி படத்துக்குப் பின்னால் வைத்திருக்கிறாள்.

திலகனின் பைக் ஆலை வாசலில் வேம்படியில் நின்றது. சாவி அதில் இல்லை. போன் அணைந்திருக்கிறது.

“சாவிய எடுத்துட்டுப் போயிருக்கான்னா திரும்பி வருவான்னுதானே அர்த்தம்?” என்கிறாள் ராஜகனி.

அர்த்தம் அப்படியும் இருக்கலாம்.

மதியம் ஒரு மணிக்குக் குழம்பு தயார். ஈரலும் இரண்டு கால் துண்டுகளும் மூடி போட்ட எவர்சில்வர் தூக்கில் திலகனுக்கு.

மார்ச் 3, திங்கள்

காலை ஆறு மணி. தூக்கைக் கழுவி வைத்தேன். ஈரல் கண்மாய்க்கரை நாய்க்கு.

மார்ச் 5, புதன்

எதிர்வீட்டில் பதினாறாம் நாள். மாரிக்கனியின் ஒரே மகள் முத்துச்செல்வி, இருபத்துநாலு வயது, ஏழாம் அறையில் இறந்தவள். கழுத்துச் சங்கிலியை வைத்து அடையாளம் சொன்னார்கள். நான் போகவில்லை. எந்த முகத்தோடு போவது என்று தெரியவில்லை. ஜன்னல் வழியாக எண்ணினேன். இருபத்திரண்டு பேர் வந்தார்கள்.

இதை அறியாதவர்கள் படித்தால் புரியாது என்பதால் எழுதி வைக்கிறேன். எங்கள் தெருவில் சாவு விழுந்த வீட்டில் தாளிப்பு கிடையாது. கறி கிடையாது, கடுகு வெடிக்கக்கூடாது. பதினாறு முடிந்த மறுநாள் பிறந்த வீட்டு ஆண் ஒருவர் கோழி கொண்டு வந்து அறுத்து, அந்த வீட்டு அடுப்பிலேயே குழம்பு வைத்து, கடைசியில் தாளித்துக் கொட்டுவார். அந்தச் சத்தமும் மணமும் தெருவுக்குப் போனால் துக்கம் கழிந்தது என்று பொருள். யாரும் யாரிடமும் சொல்லிக்கொள்ள வேண்டியதில்லை.

ராஜகனி ஞாயிறு தவறாமல் கோழிக்குழம்பு வைப்பதற்குக் காரணம் இதுதான். அவள் என்னிடம் அப்படிச் சொன்னதில்லை. ஆனால் தாளிக்கும்போது மட்டும் எழுந்து போய்த் தெருப்பக்க ஜன்னலைத் திறந்துவிட்டு வருகிறாள்.

மார்ச் 6, வியாழன்

மாரிக்கனியின் தம்பி திருப்பூரில் இருக்கிறான். கோழியோடு வரவில்லை. லீவு கிடைக்கவில்லையாம். அந்த வீட்டில் இன்னும் தாளிக்கவில்லை.

மார்ச் 9, ஞாயிறு

கோழி ஒன்றரைக் கிலோ. இந்த வாரம் கொஞ்சம் முற்றல். முக்கால் மணி நேரம் கூடுதலாக வெந்தது.

பன்னிரண்டே காலுக்குப் போலீஸ் வந்தது. ஒரு சப்-இன்ஸ்பெக்டர், இரண்டு கான்ஸ்டபிள்கள், ஏட்டு கருத்தப்பாண்டி. கருத்தப்பாண்டியை எனக்கு இருபது வருடமாகத் தெரியும். என் முகத்தைப் பார்க்காமல் பேசினார்.

“கோவிச்சுக்காதீங்க அண்ணாச்சி. தெருவுல இருந்து புகார் வந்திருக்கு. உங்க வீட்ல வாரா வாரம் கோழி அடிச்சு மணக்குதாம். பையன் உள்ள இருக்கான்னு எழுதிக் குடுத்திருக்காங்க.”

பரண், குளியலறை, மாடி, தண்ணீர்த் தொட்டி எல்லாம் பார்த்தார்கள். இளைய கான்ஸ்டபிள் அடுக்களையில் தூக்கைத் திறந்தான்.

“இது யாருக்கும்மா?”

“எம் மகனுக்கு.”

“எங்க இருக்காரு?”

“அதத்தான் நானும் உங்கள்ட்ட கேக்கேன். சம்பளம் வாங்குறீங்கல்ல? கண்டுபிடிச்சுக் கூட்டிட்டு வாங்க. வரும்போது இதச் சூடு பண்ணித் தாறேன்.”

கான்ஸ்டபிள் குறிப்பேட்டில் எழுதினான். என்ன எழுதினான் என்று தலைகீழாகப் படித்தேன். பழைய பழக்கம். ‘ஈரல் தனியாக வைக்கப்பட்டுள்ளது.’

அவர்கள் போனபின் ராஜகனியின் முகத்தில் மூன்று வாரமாக இல்லாத ஒரு தெளிவு.

“பாத்தீங்களா? போலீசே வீடு வீடாத் தேடுது. உசுரோட இல்லாதவனையா தேடுவாங்க?”

அன்று அவள் இரண்டாம் முறை சோறு போட்டுக்கொண்டாள்.

மார்ச் 12, புதன்

ராஜகனியின் அண்ணன் தங்கப்பழம் கோவில்பட்டியிலிருந்து போன் செய்தார். அவள் கொல்லைப்புறம் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள்.

“மாப்ள, ரத்தம் குடுத்தீங்களே, முடிவு ஏதும் வந்துச்சா?”

“இன்னும் இல்ல மச்சான்.”

“வந்தா எனக்குத்தான் மொதல்ல சொல்லணும். தாய்மாமன் நான். கோழி எடுத்துட்டு வரணும்னாலும் நான்தான் வரணும். வராம இருந்தாச் சந்தோசம்.”

மரபணுச் சோதனைக்கு நான் ரத்தம் கொடுத்தது பிப்ரவரி 21. மறுநாள் காலை ராஜகனி சொன்னது ஒரே ஒரு வாக்கியம்: “அவன் செத்துட்டான்னு நீங்களா போய்க் கையெழுத்துப் போட்டுட்டு வந்திருக்கீங்க.”

நான் பிணவறைப் பதிவேட்டைக் கண்ணால் பார்க்காமல் ஒரு சாவையும் எழுதியதில்லை. போனில் எண்ணிக்கை கேட்டு எழுதும் நிருபர்களைத் திட்டியிருக்கிறேன். அதனால்தான் கொடுத்தேன். வேறு காரணம் இல்லை.

மார்ச் 16, ஞாயிறு

கோழி ஒன்றே முக்கால்.

மாரிக்கனி வந்தாள். ராஜகனி தாளித்துக் கொட்டி, கரண்டியைக் குழம்பில் அலசிக்கொண்டிருந்தாள். வாசற்படிக்கு வெளியே நின்றாள் மாரிக்கனி. உள்ளே கூப்பிட்டேன். வரவில்லை.

“அண்ணாச்சி, நான் உங்ககிட்டப் பேச வரல. அக்காவக் கூப்புடுங்க.”

ராஜகனி முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு வந்தாள். இருவரும் இருபது வருடம் ஒரே குழாயில் தண்ணீர் பிடித்தவர்கள். முத்துச்செல்விக்கு ஆலையில் வேலை வாங்கிக் கொடுத்தவன் திலகன். அதை வாங்கிக் கொடுக்கச் சொல்லி அவனிடம் பேசியவள் ராஜகனி.

“எங்க வீட்ல இருபத்தாறு நாளாத் தாளிக்கலக்கா. அந்த வெறுங் கொழம்பத்தான் முழுங்குறேன். உங்க வீட்ல ஞாயித்துக்கிழமை ஆனா நெஞ்சடைக்கிற மாதிரி மணம் வருது.”

“எம் மகன் இருக்கான் மாரிக்கனி. இருக்கறவனுக்கு நான் எதுக்குத் தாளிக்காம இருக்கணும்?”

“இருக்கானா?”

“இருக்கான்.”

“அப்பக் கூட்டிட்டு வாங்க. அடிக்க மாட்டேன். வைய மாட்டேன். நாலு பேரு இருக்க வேண்டிய அறையில எம் மகளையும் சேத்து ஏழு பேர எதுக்கு உக்கார வச்சான்னு மட்டும் கேக்கணும். கேட்டுட்டு நானும் வீட்ல தாளிச்சுக்கிறேன்.”

ராஜகனி உள்ளே போய் ஒரு கிண்ணத்தில் குழம்பு ஊற்றிக்கொண்டு வந்தாள். அவள் ஏன் அப்படிச் செய்தாள் என்று எனக்கு இப்போதும் தெரியவில்லை. இருபது வருடப் பழக்கம் கையில் இருந்திருக்கலாம். மாரிக்கனி கிண்ணத்தையே பார்த்தாள். வாங்கி, வாசற்படியில் கவிழ்த்து, கிண்ணத்தைத் திரும்ப நீட்டினாள். கவனமாக, விளிம்பைத் துடைத்துக் கொடுத்தாள்.

படியைக் கழுவினேன். எண்ணெய்ப் பிசுக்குப் போக மூன்று வாளி.

மார்ச் 20, வியாழன்

மாலை மூன்று ஐம்பதுக்கு ஏட்டு கருத்தப்பாண்டி சீருடையில்லாமல் வந்தார். ராஜகனி ரேஷன் கடைக்குப் போயிருந்த நேரம் பார்த்து வந்தார் என்று நினைக்கிறேன். பழுப்பு நிறக் கவர். ஆய்வகத்தின் முத்திரை. நகலில் கையெழுத்து வாங்கிக்கொண்டார்.

“காபி குடிச்சுட்டுப் போங்க” என்றேன்.

“இல்ல அண்ணாச்சி” என்றார். செருப்பை மாட்டும்போது கால் இரண்டு முறை தவறியது.

கவரைப் பிரிக்கவில்லை. பஞ்சாங்கத்துக்குள் வைத்தேன்.

மார்ச் 21, வெள்ளி

மின்சார அலுவலகம் போய் வந்தேன். மீட்டர் பழுது. வீட்டில் சின்ன வெங்காயம் இல்லை, ஒரு கிலோ வாங்கினேன்.

பொதுவாக ஒன்று. இப்படிப்பட்ட அறிக்கைகள் எதைச் சொல்ல வேண்டுமோ அதைச் சொல்லாது. எலும்பு எந்த எலும்பு என்று இருக்கும். எந்த அறை என்று இருக்கும். வாசற்காலிலிருந்து நாலு அடி என்று இருக்கும். உள்பக்கம் நாலு அடியா, வெளிப்பக்கம் நாலு அடியா என்று இருக்காது. அந்த மனிதன் உள்ளே போய்க்கொண்டிருந்தானா, வெளியே ஓடி வந்துகொண்டிருந்தானா என்பதை எந்த ஆய்வகத்தாலும் சொல்ல முடியாது.

பொதுவாகச் சொல்கிறேன்.

மார்ச் 23, ஞாயிறு

கோழி ஒரு கிலோ அறுநூறு கிராம்.

ராஜகனி தாளிக்கும் நேரத்தில் குழாயில் தண்ணீர் வருகிறதா என்று பார்க்கப் போனேன். ஞாயிற்றுக்கிழமை தண்ணீர் வராது. தெருமுனை வரை நடந்துவிட்டுத் திரும்பினேன்.

சாப்பிட்டேன். கால் துண்டு ஒன்றை எனக்கு வைத்தாள். “கொஞ்ச நாளாச் சரியாத் திங்க மாட்டேங்குறீங்க” என்றாள். முழுதும் சாப்பிட்டேன். எலும்பைத் தட்டின் ஓரத்தில் வைத்தேன்.

பிறகு வாந்தி. வெயில்.

மார்ச் 25, செவ்வாய்

டீக்கடையில் கருத்தப்பாண்டி. இரண்டு டீ சொல்லிவிட்டுத்தான் பேசினார்.

“அண்ணாச்சி, ஆஸ்பத்திரியில பெட்டி அப்படியே இருக்கு. ஒண்ணாந்தேதிக்குள்ள வாங்கலைன்னா உரிமை கோரலைன்னு எழுதி நகராட்சிக்குத் தள்ளிருவாங்க. அவங்க குழி தோண்டி எங்கிட்டோ போட்டுருவாங்க.”

நான் டீயை ஆற்றினேன்.

“இன்னொண்ணு. மூணாந்தேதி முதலாளி ஜாமீன் மனு வருது. ஏழு பேர உக்கார வச்சது போர்மேன்தான், அவன் ஓடிட்டான்னு வக்கீல் சொல்லப் போறாரு. ஓடலைன்னு சொல்ற காயிதம் உங்க வீட்லதான இருக்கு. ஸ்டேஷன்ல இருந்து கோர்ட்டுக்குப் போக ரெண்டு மாசம் ஆகும், உங்களுக்கே தெரியும். நீங்க குடும்பத்தோட வந்து வாங்கிட்டா அன்னைக்கே பதிவாயிரும்.”

“வீட்ல இன்னும் சொல்லல.”

“தெரியும். போன ஞாயித்துக்கிழமை உங்க தெரு வழியாத்தான் வந்தேன்.” கிளாசைக் கீழே வைத்தார். “மணந்துச்சு.”

அவர் போன பிறகும் அரை மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். ஊரில் நடந்த சாவுகளை வீடு வீடாகப் போய்ச் சொன்னவன் நான். போலீசுக்கு முன்பே போய், ‘உங்கள் கணவர் போட்டோ இருக்கா அம்மா’ என்று கேட்டிருக்கிறேன். அந்தக் கேள்வியிலேயே அவர்களுக்குத் தெரிந்துவிடும். அதை ஒரு திறமை என்று நினைத்திருந்தேன்.

மார்ச் 27, வியாழன்

ராஜகனி குளியலறையில் வழுக்கி விழுந்தாள். வலது மணிக்கட்டு எலும்பு முறிவு. மாவுக்கட்டு ஆறு வாரம். கட்டுப் போடும்போது அவள் கேட்ட ஒரே கேள்வி: “ஞாயித்துக்கிழமைக்கு என்ன செய்ய?”

மார்ச் 29, சனி

“கடையில வாங்கிக்கலாம்” என்றேன்.

“கடைக் குழம்பு தெருவுக்கு மணக்குமா?” என்றாள். “நான் சொல்லச் சொல்ல நீங்க வைங்க.”

மார்ச் 30, ஞாயிறு

கோழி ஒன்றே முக்கால்.

நடந்ததை நடந்த வரிசையில் எழுதுகிறேன்.

காலை பத்து மணிக்கு அடுக்களை வாசலை ஒட்டிக் கட்டிலை இழுத்துப் போடச் சொன்னாள். ரத்த அழுத்தம் கூடியிருப்பதால் தலையைத் தூக்கினால் சுற்றுகிறது. சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டே சொன்னாள். என்னைப் பார்க்கவில்லை. காதும் மூக்கும் போதும் என்றாள்.

“மல்லி நாலு கை.”

“யார் கை?”

“என் கைதான். உங்க கையில மூணு. பேனா புடிச்ச கைன்னாலும் பெரிய கை.”

மிளகாய் வற்றல் பதினைந்து. மிளகு ஒரு கரண்டி, சீரகம் அரை, சோம்பு அரை, கசகசா கொஞ்சம். வாணலியில் எண்ணெய் இல்லாமல் தனித்தனியாக வறுத்தேன். மல்லி லேசாக நிறம் மாறியதும், “போதும், இறக்குங்க, தீயுது” என்றாள். எனக்கு ஒரு வாசனையும் தெரியவில்லை. இறக்கிப் பார்த்தால் அடியில் இரண்டு மல்லி கருத்திருந்தது.

“முப்பத்துநாலு வருசம் ஊருல எங்க தீப்புடிச்சாலும் மொத ஆளா ஓடுனீங்க. அடுப்புல தீயுறது தெரியல.”

சிரித்தாள். பிப்ரவரிக்குப் பிறகு அவள் சிரித்து நான் கேட்டது அதுதான். நானும் சிரித்தேன் என்று நினைக்கிறேன்.

சின்ன வெங்காயம் உரிக்க நாற்பது நிமிடம் ஆனது. கண்ணில் நீர் வழிந்தபடி இருந்தது. துடைக்கவில்லை. துடைக்க வேண்டாத கண்ணீர் அது, யாரும் கேட்கமாட்டார்கள். மண்சட்டியில் கறி, மஞ்சள், உப்பு, பாதி வெங்காயம், தண்ணீர். மூடி போட்டேன். வறுத்ததைத் தேங்காயோடு மிக்சியில் அரைத்தேன். “இன்னும் ரெண்டு சுத்து” என்றாள். சத்தத்தை வைத்தே சொன்னாள்.

கறி பாதி வெந்ததும் அரைத்ததை ஊற்றினேன். நிறம் ஏறியது. கொதி அடங்கி, ஓரத்தில் எண்ணெய் பிரியும்வரை இருபத்தைந்து நிமிடம். ஈரலைக் கடைசிப் பத்து நிமிடத்தில்தான் போட வேண்டும், முன்பே போட்டால் மரத்துவிடும், திலகனுக்குப் பிடிக்காது என்றாள். கடைசிப் பத்து நிமிடத்தில் போட்டேன். தூக்கைக் கழுவி எடுத்து வைத்தேன்.

“இப்பத் தாளிப்பு. அதுக்கு முந்தி ஜன்னலத் தொறந்துட்டு வாங்க.”

தெருப்பக்க ஜன்னலைத் திறந்தேன். எதிர்வீட்டு வாசலில் மாரிக்கனி சுளகில் அரிசி வைத்துக் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். நிமிரவில்லை.

இரும்புக் கரண்டியில் நல்லெண்ணெய் இரண்டு குழி. அடுப்பில் வைத்தேன். மீதி வெங்காயம், கறிவேப்பிலை எல்லாம் தட்டில் தயார். இடது உள்ளங்கையில் கடுகும் சோம்பும். எண்ணெயில் மெல்லிய கோடுகள் ஓடின. பிறகு புகை இழை ஒன்று.

“காஞ்சிருச்சு. போடுங்க.”

கை நகரவில்லை.

யோசித்து நிறுத்தினேன் என்று எழுத முடியாது. அதுவரை எல்லாம் செய்தேன். கோழி வாங்கினேன், வறுத்தேன், அரைத்தேன். போன வாரம் சாப்பிட்டும் இருக்கிறேன். கையைத் திருப்பினால் கடுகு விழும், அவ்வளவுதான். என் அப்பா இறந்தபோது, என் அம்மா இறந்தபோது, இந்த வீட்டில் பதினாறு நாள் வெடிக்காத கடுகு. கை திரும்பவில்லை.

“என்ன செய்றீங்க? எண்ணெய் கருகுது.”

கேஸை அணைத்தேன். அணைக்கும் சத்தம் அவளுக்குக் கேட்டிருக்கும்.

சட்டியில் கொதி மட்டும் கேட்டது. அதுவும் அடங்கியது. எவ்வளவு நேரம் என்று பார்க்கவில்லை. கடிகாரம் கண்ணுக்கு எதிரே இருந்தது, பார்க்கவில்லை.

சுவரைப் பார்த்தபடியே கேட்டாள்.

“என்னைக்கு வந்துச்சு?”

“இருபதாந்தேதி.”

விரலை மடக்கி எண்ணுவது தெரிந்தது. கட்டுக்கு வெளியே நீண்டிருந்த வலது கை விரல்கள்.

“போன ஞாயித்துக்கிழமை சாப்பிட்டீங்களே” என்றாள்.

இந்த நோட்டில் ஒரு திருத்தம் வேண்டும். 20ஆம் தேதி ‘கவரைப் பிரிக்கவில்லை’ என்று எழுதியது பொய். பிரித்தது மாலை நாலு பத்துக்கு. நாலு பக்கம். மூன்றாம் பக்கத்தில், ‘ரத்தம் கொடுத்தவரின் உயிரியல் மகன்’. ஏழாம் அறை. வாசற்காலிலிருந்து நாலு அடி.

“எந்த அறை?” என்று ராஜகனி கேட்டாள்.

“ஏழு.”

“முத்துச்செல்வி இருந்த அறையா?”

“ஆமா.”

“ஓடலையா அவன்?”

“ஓடல.”

அவள் அழுவாள் என்று காத்திருந்தேன். எழுந்து உட்கார முயன்றாள், தலை சுற்றிச் சாய்ந்தாள். பிடித்தேன். என் கையிலிருந்து கடுகு கொட்டி அவள் புடவையிலும் கட்டிலிலும் சிதறியது. அதைப் பார்த்தாள். ஒவ்வொன்றாகப் பொறுக்கத் தொடங்கினாள், இடது கையால். நானும் பொறுக்கினேன்.

அப்போதுதான் மாரிக்கனி உள்ளே வந்தாள். யாரும் கூப்பிடவில்லை. செருப்பை வெளியே விட்டு, சுளகை வாசலில் சாய்த்துவிட்டு, இரண்டு வாரம் முன்பு தாண்டாத படியைத் தாண்டி வந்தாள். அடுக்களையை ஒருமுறை எட்டிப் பார்த்தாள். அடுப்பில் கரண்டி, அதில் ஆறிய எண்ணெய். தட்டில் அப்படியே வெங்காயம்.

கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்தாள். ராஜகனியின் கட்டுப் போட்ட கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள்.

“என்ன மாரிக்கனி?” என்றாள் ராஜகனி.

“ஜன்னலத் தொறந்தாக. சத்தம் கேக்கலையேக்கா.”

அதன் பிறகுதான் இந்த வீட்டில் அழுகை தொடங்கியது. நேரம் மதியம் ஒன்று ஐந்து. ஒன்றரைக்குள் தெருவில் பதினாலு வீட்டுப் பெண்கள் வந்துவிட்டார்கள். நான் யாருக்கும் சொல்லவில்லை.

மார்ச் 31, திங்கள்

தங்கப்பழம் மச்சானிடம் சொன்னேன். வந்துகொண்டிருக்கிறார்.

மாரிக்கனி என்னிடம் தனியாகக் கேட்டாள்: “உள்ள போனானா அண்ணாச்சி, வெளிய வந்தானா?” தெரியவில்லை என்றேன். அறிக்கையில் இல்லை என்றேன். ஏழு பேரை உட்கார வைத்தது அவனா, முதலாளி சொன்னாரா என்பதும் அதில் இல்லை. “நீங்க பொய் சொல்லியிருக்கலாம்” என்றாள். பிறகு எங்கள் அடுக்களைக்குள் போய்ச் சட்டியை எடுத்துக் கொல்லைப்புறம் கொண்டுபோய்க் கவிழ்த்து, தேய்த்துக் கழுவி வைத்தாள்.

ஏப்ரல் 1, செவ்வாய்

ஆஸ்பத்திரி, காலை 10.40. நானும் மச்சானும் போனோம். ராஜகனி வருவேன் என்றாள், வந்தாள், ஆட்டோவிலேயே உட்கார்ந்துகொண்டாள்.

பிணவறைப் பதிவேட்டைக் கேட்டேன். ஊழியர் தயங்கினார். கருத்தப்பாண்டி, “காட்டுங்க, அவரு பாக்காம எழுத மாட்டாரு” என்றார். பார்த்தேன். வரிசை எண், பெயர், வயது 31, தகப்பனார் பெயர் சங்கரலிங்கம். கையெழுத்துப் போட்டேன்.

துணிப்பையில் தனியாக ஒரு பைக் சாவி கொடுத்தார்கள். பாதி உருகியது. அதை மட்டும் ராஜகனி வாங்கிக்கொண்டாள்.

பெட்டியின் எடையைப் பதிவேட்டில் எழுதியிருந்தார்கள். அந்த எண்ணை நான் இங்கே எழுதப்போவதில்லை.

பலி பத்து.